ஜோகுபாளையத்தில் நான் வரைந்த விரிசல்கள்

1

சென்ற மாதம் ரோமில் ஒரு சினிமாப் பள்ளியில் பேசக் கூப்பிட்டிருந்தார்கள். பெங்களூரை விட்டு நான் இங்கே வந்து பதினேழு வருடம் ஆகிறது. இத்தாலியப் படங்களில் கலை இயக்குநராக இருக்கிறேன். கதை எந்த வீட்டில் நடக்கிறது, அந்த வீட்டுச் சுவர் என்ன நிறம், சுவரில் ஆணி அடித்த இடம் எது என்பதெல்லாம் என் பொறுப்பு. இருபத்தைந்து மாணவர்கள் உட்கார்ந்திருந்தார்கள். என் வேலைகளிலிருந்து சில காட்சிகளைத் திரையில் போட்டார்கள். மூன்றாவதாக அந்தச் சந்து வந்தது.

நான் எதிர்பார்க்கவில்லை. பதினான்கு வீடுகள், இரண்டு வரிசை, நடுவில் கல் பாவிய நடைபாதை. சுவரெல்லாம் விரிசல். வகுப்பில் யாரோ மெல்ல விசில் அடித்தார்கள், பாராட்டுதான்.

முன்வரிசையில் இருந்த பெண் கேட்டாள்: "இது செட்டா, நிஜமான இடமா?"

"நிஜமான இடம்."

"இப்போதும் இருக்கிறதா?"

இல்லை என்று சொல்ல வந்தேன். இடிக்கப்பட்டுவிட்டது என்று சொல்ல வேண்டும். பதட்டத்தில் இத்தாலிய வினைச்சொல் தடுமாறி, "இடித்துவிட்டோம்" என்று வந்துவிட்டது. எங்கள் தொழிலில் படப்பிடிப்பு முடிந்ததும் செட்டை இடிப்பது வழக்கமான விஷயம். அந்தப் பெண் தலையாட்டிவிட்டுக் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டாள். நான் திருத்தவில்லை. வீட்டுக்குத் திரும்பும் பஸ்ஸில், திருத்த வேண்டிய அவசியம் இருக்கிறதா என்று யோசித்துக்கொண்டே வந்தேன். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

2

காவிரிக் கலவரம் நடந்த 1991இல் நான் சிவாஜி நகரில் ஒரு போர்டு எழுதும் கடையில் வேலை பார்த்தேன். அந்த டிசம்பரில் கடைக்காரர் தமிழ் போர்டுகளை எல்லாம் உள்ளே திருப்பி வைத்துவிட்டு, "கொஞ்ச நாளைக்கு வராதேம்மா" என்றார். வேலை போன அதே வாரங்களில், கண்டோன்மெண்டில் ஒரு இத்தாலியப் படக் கம்பெனி, சுவர் எழுதத் தெரிந்தவர்களைத் தேடிக்கொண்டிருந்தது.

அந்தப் படத்தின் கலை இயக்குநர் லூச்சியா என்ற அம்மாள். அறுபது வயதுக்கு மேல் இருக்கும். முதல் நாளே புதிதாக வெள்ளையடித்த ஒரு சுவரைக் காட்டி, "இதற்கு நூறு வயது ஆக வேண்டும், சாயங்காலத்துக்குள்" என்றார். நான் விழித்தேன். அவர் ஒரு மெல்லிய தூரிகையை எடுத்து, கையைத் தளர்த்தி, மேலிருந்து கீழே ஒரு கோடு இழுத்தார். கோடு நேராகப் போகவில்லை. நடுங்கி, கிளை பிரிந்து, ஓரிடத்தில் நின்று, மறுபடி ஓடியது. ஓரத்தில் சாம்பல் நிறம், உள்ளே கறுப்பு, ஒரு பக்கம் மட்டும் வெளிச்சத்துக்கு வெள்ளை. நான்கடி தள்ளி நின்று பார்த்தேன். சுவர் பிளந்திருந்தது.

எனக்கு அது உடனே கை வந்தது. ஏன் என்று தெரியவில்லை. ஒரு வருடத்துக்குள் லூச்சியா என்னை ரோமுக்கு வரவழைத்துவிட்டார். நாலு வருடம் சுவர் பெயின்டர், பிறகு வீட்டுச் சாமான்களைப் பொறுக்கி அடுக்கும் உதவியாளர், பிறகு அவருக்கு இரண்டாவது ஆள். அவர் ஓய்வு பெற்றதும் அவருடைய படங்கள் ஒன்றிரண்டு என்னிடம் வந்தன. இடையில் ஸ்டூடியோவில் தச்சு வேலை செய்த மார்கோவைக் கல்யாணம் செய்துகொண்டேன். நிலா பிறந்தாள். ஆரம்பத்தில் அவளிடம் தமிழில்தான் பேசினேன். நாலு வயதில் அவள் இத்தாலியத்தில் பதில் சொல்ல ஆரம்பித்தாள். ஏழு வயதில், "அம்மா, கடையில் அந்த பாஷை வேண்டாம்" என்றாள். வேலைக் களைப்பில் நானும் விட்டுவிட்டேன்.

பாழடைந்த இடம் வேண்டுமென்றால் என்னைக் கூப்பிடுவார்கள். குண்டு விழுந்த வீடு, வெள்ளம் புகுந்த மடம், யாரும் இல்லாத ஊர். சினிமாவில் ஒவ்வொருவருக்கும் ஒரு பெயர் ஒட்டிக்கொள்ளும். எனக்கு அது ஒட்டிக்கொண்டது.

3

2003இல் ஒரு இயக்குநர் கதை சொன்னார். இரண்டாம் உலகப் போரின்போது இத்தாலியக் கைதிகளை பெங்களூரில் முகாம் போட்டு அடைத்து வைத்திருந்தார்கள் இல்லையா, அதில் ஒருவன் தப்பித்து ஒரு பாழடைந்த சந்தில் ஒளிந்துகொள்கிறான். படத்தில் பாதி அந்தச் சந்துதான்.

"நீ பெங்களூர்க்காரி. உனக்குத் தெரியாத சந்தா?" என்றார்.

எனக்கு ஒரே ஒரு சந்துதான் மனதில் வந்தது. ஜோகுபாளையத்தில் நான் பிறந்து வளர்ந்த லைன் வீடுகள். மங்களூர் ஓடு, கல் நடை, தாழ்ந்த வாசல். என் அக்கா விஜயா அப்போதும் அங்கேதான் இருந்தாள், ஆறாம் நம்பர் வீட்டில். ஒரு நர்ஸிங் ஹோமில் ஆயா வேலை. மாமா ஆட்டோ ஓட்டினார். அப்பா அம்மா போன பிறகு எனக்கு இருந்த வீடு அது ஒன்றுதான்.

புகைப்படங்களைப் பார்த்ததும் இயக்குநர் மேசையைத் தட்டினார். "இதுதான்!" எனக்குப் பெருமையாக இருந்தது. பெருமைதான், வேறு எதுவும் இல்லை. எங்கள் சந்து சினிமாவில் வரப்போகிறது, அதை நான் கொண்டுவரப் போகிறேன்.

பிப்ரவரியில் நிலாவையும் கூட்டிக்கொண்டு போய் இறங்கினேன். அவளுக்கு ஒன்பது வயது. அக்கா அவள் கன்னத்தைத் தடவி, "இன்னாடி கண்ணு, பெரிம்மாவ தெரிதா?" என்றாள். நிலா என்னைப் பார்த்து இத்தாலியத்தில், "இந்த அம்மாள் என்ன கேட்கிறார்?" என்றாள். அக்கா சிரித்துவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டாள்.

சந்துக்குச் சொந்தக்காரர் ஜெயராஜ். எங்கள் பள்ளியில் எனக்கு இரண்டு வகுப்பு மேலே படித்தவர். அவருடைய அப்பா காலத்து வாடகைக்காரர்கள்தான் பதினான்கு வீட்டிலும். படப்பிடிப்புக்கு அனுமதி கேட்கத் தயங்கித் தயங்கித்தான் போனேன். அவர் நாற்காலியை விட்டு எழுந்து வந்து கையைப் பிடித்துக்கொண்டார்.

"நம்ம தேவகி கேட்டு நான் இல்லேன்னு சொல்வனா? மூணு வாரம் இன்னா, மூணு மாசம் எடுத்துக்கோ. ஜனங்கள காலி பண்ற வேலைய எங்கிட்ட உடு. நீ ஒண்ணும் மண்டைய ஒடச்சிக்காதே."

அவ்வளவு சுலபமாக எந்தச் சொந்தக்காரரும் இத்தாலியில்கூட எனக்குச் சம்மதித்ததில்லை. வெளியே வந்ததும் இயக்குநருக்குப் போன் செய்து, இடம் கிடைத்துவிட்டது என்றேன்.

4

மூன்று வாரத்துக்கு எல்லோரையும் ஒரு கல்யாண மண்டபத்தில் தங்க வைப்பதாக ஏற்பாடு. கம்பெனி செலவில் சாப்பாடு. பிள்ளைகளுக்கு ஒரே குஷி. பழைய காலக் கதை என்பதால் மின்சார மீட்டர்களையும் கேபிள் வயர்களையும் கழற்ற வேண்டியிருந்தது. அதற்கும் காலி செய்வதற்கும் ஜெயராஜ் ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு காகிதம் தயார் செய்து அனுப்பினார். கன்னடத்தில் டைப் அடித்திருந்தது.

ஞாயிற்றுக்கிழமை காலை எல்லோரும் நடைபாதையில் கூடினார்கள். கன்னடம் எல்லோரும் பேசுவோம். படிக்கத் தெரிந்தவர்கள் இரண்டு மூன்று பேர்தான், அவர்களுக்கு ஞாயிறும் வேலை, போயிருந்தார்கள். அக்கா காகிதத்தை என்னிடம் நீட்டினாள்.

"நீ படிச்சி சொல்லு தேவி. எல்லாரும் உன் பேர நம்பித்தான் வந்துகிறாங்க."

பன்னிரண்டு வருடமாகக் கன்னட எழுத்தைப் பார்த்திருக்கவில்லை. எழுத்துக் கூட்டித்தான் படித்தேன். இன்னார், இன்ன நம்பர் வீடு, இன்ன தேதியில் சொந்த விருப்பத்தின் பேரில் "மனெ காலி மாடி கொட்டித்தேனெ", வீட்டைக் காலி செய்து கொடுத்துவிட்டேன், கீழே கையெழுத்து. மறுபடி மேலிருந்து பார்த்தேன். போகும் தேதி இருந்தது. திரும்பி வரும் தேதி எங்கும் இல்லை. படப்பிடிப்பு என்ற சொல்லும் இல்லை.

பார்த்தேன். அதை இங்கே ஒளிக்காமல் எழுத வேண்டும். பார்த்தேன்.

ஜெயராஜிடம் கேட்டு வேறு காகிதம் அடிக்க இரண்டு நாளாகும். புதன்கிழமை கேமரா வருகிறது. இயக்குநர் ஏற்கெனவே எரிச்சலில் இருந்தார். பழகிய மனிதர், ஏமாற்றுவாரா என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

"இன்னா எழுதிகீது?" என்றார் எதிர் வீட்டு லூர்து அண்ணன். கோலார் தங்க வயலில் முப்பது வருடம் சுரங்கத்தில் இருந்தவர். சுரங்கம் மூடும் சமயத்தில், இங்கே குடியிருந்த மகனிடம் வந்துவிட்டார்.

"ஷூட்டிங்குக்காக வீட்ட குடுக்கறோம்னு எழுதிருக்கு அண்ணா. அவ்ளோதான்."

அக்கா என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு பேனாவை வாங்கி முதல் ஆளாகக் கையெழுத்துப் போட்டாள். மற்றவர்கள் வரிசையாகப் போட்டார்கள்.

5

எட்டு பெயின்டர்களோடு நான் விரிசல் வரைய ஆரம்பித்தேன். தண்ணீரில் கழுவினால் போய்விடும் வண்ணம்தான். பாசி, புகை, மழை வழிந்த கறை, ஓரங்களில் உப்புப் பூத்த வெள்ளை. மூன்று நாளில் சந்தின் முகம் மாறிவிட்டது. வேலை நன்றாக வரும்போது எனக்கு ஒரு வெறி வரும், சாப்பாடு மறந்துவிடும். அந்த மூன்று நாளும் அப்படித்தான் இருந்தேன்.

லூர்து அண்ணன் மண்டபத்திலிருந்து தினமும் நடந்து வந்து பார்ப்பார். மூன்றாம் நாள் சொன்னார்:

"தத்ரூபமா இருக்குதும்மா. பாறை வெடிக்கறதுக்கு முன்ன இப்டித்தான் ஓடும். போதும்மா, நிறுத்திக்கோ."

"பெயிண்டுதானே அண்ணா."

"பெயிண்டுதான். ஆனா பாக்கறவனுக்குத் தெரியணுமே."

நிலாவை ஒரு மத்தியானம் கூட்டிவந்து காட்டினேன். முதல் வாரம் முழுக்க ஆறாம் நம்பர் வீட்டில் அக்கா பக்கத்தில் படுத்துத் தூங்கியவள், இப்போது வாசலில் நின்றுகொண்டு உள்ளே வரமாட்டேன் என்றாள். நான் என்ன வேலை செய்கிறேன் என்று அவளுக்குத் தெரியும். வண்ணம் குழைக்கும் வாளிகள் அவள் காலடியில்தான் இருந்தன. இருந்தும் அழுதாள். "விழுந்துவிடும் அம்மா, விழுந்துவிடும்." கையைப் பிடித்து இழுத்தால் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டாள். இயக்குநர் அதைப் பார்த்துச் சிரித்து, என் முதுகில் தட்டினார். அதைவிடப் பெரிய பாராட்டு இல்லை என்றார்.

படப்பிடிப்பின் இரண்டாவது வாரம் அவர் ஒரு குளோசப் கேட்டார். கைதி தன் மனைவியின் கடிதத்தைச் சுவர் விரிசலுக்குள் ஒளித்து வைக்கிறான். கை உள்ளே போக வேண்டும். வரைந்த விரிசலுக்குள் கை போகாது. ஆறாம் நம்பர் வீட்டின் பின்சுவரைக் காட்டி, "இங்கே வெட்டு" என்றார். வெளிச்சம் அங்கேதான் சரியாக விழுந்தது.

லூர்து அண்ணன் சுவரை விரல் கணுவால் தட்டிப் பார்த்தார். இரண்டு இடத்தில் தட்டிவிட்டுத் தலையை ஆட்டினார்.

"இது வேணாம் தேவகி. உத்திரம் இந்த செவுத்து மேலதான் உக்காந்துகீது. இதத் தொட்டா பக்கத்து வீடு ரெண்டும் கூடவே வரும். வேற எடம் பாரு."

அவர் சொன்னதை இயக்குநரிடம் மொழிபெயர்த்தேன். எவ்வளவு ஆழம் வெட்ட வேண்டும் என்று இயக்குநர் கேட்டார். முழங்கை வரை என்றேன். முடிந்ததும் அடைத்துவிடலாம் அல்லவா என்றார். அடைத்துவிடலாம் என்றேன். உளி வைத்து அடிக்கச் சொன்னதும் நான்தான்.

அந்த வாரத்தில்தான் ஜெயராஜ் ஒருவரை அழைத்து வந்தார். மடிப்புக் கலையாத சட்டை, கழுத்தில் கேமரா. "என் ஃப்ரெண்டு, இன்ஜினியர். ஷூட்டிங் பாக்கணும்னு ஆசப்பட்டாரு." அவர் நடிகர்களைப் பார்க்கவில்லை. ஒவ்வொரு வீட்டுச் சுவரையும் படமெடுத்தார். ஆறாம் நம்பர் வீட்டில் வெகுநேரம் இருந்தார். ஒரு அளவுகோலைப் பிளவின் பக்கத்தில் பிடித்துக்கொண்டு எடுத்தார். என்னிடம் வந்து ஆங்கிலத்தில், "அற்புதமான வேலை மேடம்" என்றார். நான் நன்றி சொன்னேன்.

6

சுவரை அடைத்துச் சந்தைக் கழுவிக் கொடுப்பதற்கு நாலு நாள் ஒதுக்கியிருந்தோம். மழை ஒரு நாளைத் தின்றது. இயக்குநர் மூன்று நாளைத் தின்றார். சாமான்களை ஏற்றும் அவசரத்தில், கொத்தனாரை நானே பிறகு ஏற்பாடு செய்கிறேன் என்று தயாரிப்பு நிர்வாகியிடம் ஒப்புக்கொண்டேன்.

வீடு திரும்ப வேண்டிய காலையில் பதினான்கு குடும்பமும் மூட்டைகளோடு சந்து முனைக்கு வந்தார்கள். இரும்பு கேட் புதிதாகப் போட்டிருந்தது. பூட்டு. மேலே ஒரு போர்டு: அபாயம், கட்டடம் இடியும் நிலையில் உள்ளது, உள்ளே நுழையாதீர்கள். கன்னடத்திலும் தமிழிலும் எழுதியிருந்தது. எழுத்து நன்றாக இருந்தது. தொழில் தெரிந்தவர் எழுதியது.

ஜெயராஜ் போனை எடுக்கவில்லை. பிறகு வக்கீல் எடுத்தார். வாடகைக்காரர்கள் சொந்த விருப்பத்தில் காலி செய்து கொடுத்துவிட்டார்கள், கையெழுத்து இருக்கிறது. கட்டடம் குடியிருக்கத் தகுதியற்றது, இன்ஜினியரின் அறிக்கை படங்களோடு அரசு அலுவலகத்தில் இருக்கிறது என்றார்.

நிர்வாகி என்னைத் தனியே கூப்பிட்டு, "நம் கேமராப் பெட்டிகள் இன்னும் சுங்கத்தில் நிற்கின்றன. உள்ளூர் வழக்கில் தலையிடாதே" என்றார். நான் ஒரு நாள் முழுக்கத் தலையிடவில்லை. மறுநாள் போனேன்.

அலுவலகத்தில் நாகரத்னம்மா என்ற அதிகாரி. அறிக்கையைப் பிரித்து மேசைமேல் வைத்தார். என் விரிசல்கள் ஒவ்வொன்றும் நம்பர் போட்டு ஒட்டியிருந்தன. என் வேலையை இவ்வளவு கவனமாக யாரும் அதுவரை படமெடுத்ததில்லை.

"இது எல்லாம் நான் வரைந்தது மேடம். பெயிண்ட். தண்ணி போட்டா போயிடும்" என்று கன்னடத்தில் சொன்னேன். பாதியில் இத்தாலியச் சொற்கள் வந்து விழுந்தன. அவர் பொறுமையாகக் கேட்டார். கண்ணாடியைக் கழற்றிவிட்டு, "நாளை நானே வருகிறேன், கழுவிக் காட்டுங்கள்" என்றார். நல்ல மனுஷி. அதை நான் எப்போதும் சொல்வேன்.

மறுநாள் கேட் திறந்தது. பதினான்கு வீட்டுக்காரர்களும் வாளியும் துணியுமாக வந்தார்கள். முதல் வீட்டில் நான் ஈரத்துணியை வைத்து ஒரு இழுப்பு இழுத்ததும் விரிசல் கரைந்து வழிந்தது. சந்தே கைதட்டியது. இரண்டாம் வீடு, மூன்றாம் வீடு. பிள்ளைகள் தண்ணீரை வாரி அடித்தார்கள். மாமா ஜெயராஜின் வக்கீலைப் பார்த்து, "இன்னா சார், உங்க வெடிப்பெல்லாம் சாக்கடைல ஓடுது" என்றார். அந்த அரைமணி நேரம் நான் சந்தோஷமாக இருந்தேன். வரிசையில் ஆறாம் நம்பரும் வரும் என்பது எனக்குத் தெரியும். அக்காவுக்கும் தெரிந்திருக்கும், அவள் கைதட்டவில்லை.

பின்சுவரை நான் கழுவினேன். கறுப்பு போயிற்று, சாம்பல் போயிற்று. பிளவு அப்படியே இருந்தது. மழையில் அது வளர்ந்திருந்தது. உத்திரத்தைத் தொட்டு, அங்கிருந்து ஏழாம் நம்பர் வீட்டுக்குள் மயிரிழையாகப் போயிருந்தது. அந்த மயிரிழையை யாரும் வரையவில்லை. லூர்து அண்ணன் கிட்டே வந்து, தட்டாமலே திரும்பிப் போய்விட்டார்.

நாகரத்னம்மா கையை உள்ளே விட்டுப் பார்த்தார். முழங்கை வரை போயிற்று.

"மேடம், பெயிண்ட் பெயிண்டுதான்" என்றார் மெல்ல. "இது பெயிண்ட் இல்லையே."

"நான்தான் வெட்டச் சொன்னேன். நானே அடைத்துக் கொடுக்கிறேன்."

"வெட்டியது யாராக இருந்தால் என்ன? கட்டடம் அவருடையது. ரிப்பேர் செய்ய வேண்டியவர் அவர். அதுவரை நான் யாரையும் உள்ளே படுக்க விட முடியாது. நாளைக்கு ஒரு குழந்தை மேல் விழுந்தால்?"

ஜெயராஜ் ரிப்பேர் செய்யவில்லை. அடுத்த மழைக்காலத்தில் ஆறும் ஏழும் தானாகவே சரிந்தன. மற்றதை இயந்திரம் வந்து இடித்தது. வழக்கு இரண்டு வருடம் நடந்து, பதினான்கு கையெழுத்துகளில் போய் முட்டி நின்றது. இப்போது அங்கே ஐந்து மாடி. லூர்து அண்ணன் மகனோடு நீலசந்திராவில் ஒரு மாடி அறைக்குப் போனார். இரண்டு வருடத்தில் இறந்துவிட்டார். அக்காவும் மாமாவும் சந்தாபுராவுக்குப் போனார்கள். அங்கிருந்து நர்ஸிங் ஹோமுக்கு வர இரண்டு பஸ் மாற வேண்டும். ஒரு வருடம் வந்தாள். பிறகு வேலையை விட்டுவிட்டாள்.

படம் நன்றாகப் போயிற்று. என் பெயரை முதன்முறையாகப் பத்திரிகைகளில் எழுதினார்கள்.

7

போன வருடம் இத்தாலியக் குடியுரிமைக்கு மனுப் போட்டேன். இத்தனை காலம் வதிவிட அனுமதியைப் புதுப்பித்தே ஓட்டிவிட்டேன். நிலாவின் பள்ளிப் பயணங்களில் எல்லைக்கு எல்லை நான் மட்டும் தனி வரிசையில் நிற்பது அவளுக்குப் பிடிக்கவில்லை. ஊரிலிருந்து போலீஸ் சான்றிதழ் வேண்டும் என்றார்கள். விசாரிக்கப் போனவர், அந்த முகவரியில் வீடே இல்லை என்று எழுதி அனுப்பிவிட்டார். அங்கே நான் குடியிருந்ததற்கு இரத்த உறவினர் ஒருவர் உறுதிமொழிப் பத்திரத்தில் கையெழுத்திட வேண்டும்.

சந்தாபுராவுக்குப் போனேன். மெயின் ரோட்டிலிருந்து உள்ளே, ஒற்றை அறை வீடு. மாமா படுத்திருந்தார், முதுகு போய்விட்டது. அக்கா காபி போட்டுக் கொடுத்தாள். நிலா எப்படி இருக்கிறாள் என்று கேட்டாள். பிறகு கீரையை எடுத்து ஆய்ந்தாள். நான் பையிலிருந்து பத்திரத்தை எடுத்து மடியில் வைத்துக்கொண்டிருந்தேன்.

எப்படி ஆரம்பிப்பது என்று தெரியாமல் வேறொன்றைச் சொன்னேன். "அக்கா, அன்னிக்கி அந்தக் காயிதத்துல திரும்பி வர்ற தேதி இல்ல. நான் பாத்தேன்க்கா. பாத்துட்டுதான் சொல்லாம உட்டேன்."

அவள் கீரையிலிருந்து தலையைத் தூக்கவில்லை.

"தெரியும். நீ படிக்கறப்ப உன் மூஞ்சியத்தானே பாத்துனு இருந்தேன். என்னமோ ஒண்ணு இருக்குது, இவ சொல்ல மாட்டேங்கறான்னு தெரிஞ்சிச்சி."

"அப்புறம் ஏன்க்கா கையெழுத்து போட்டே?"

"பன்னெண்டு வருஷம் கழிச்சி வந்து, மொத மொதல்ல ஒண்ணு கேட்டே. எப்டி முடியாதுன்றது?"

மாமா திரும்பிப் படுத்தார். அக்கா ஆய்ந்த கீரையைத் தட்டில் ஒதுக்கிவிட்டு, என் மடியில் இருந்த பத்திரத்தை அப்போதுதான் பார்த்தாள். வெகுநேரம் பார்த்தாள். கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு, "அது இன்னா, இன்னொரு காயிதமா?" என்றாள்.

நான் பத்திரத்தின் மேல் கையை வைத்து மூடிக்கொண்டேன்.

"என்னாண்ட எதையும் கேக்காத தேவி. நீ கேட்டுட்டா எனக்கு மாட்டேன்னு சொல்ல வராது. அதனால நீயே கேக்காத."

பத்திரத்தை மடித்துப் பைக்குள் வைத்தேன். அவள் கீரைக் காம்புகளைக் கூட்டி எடுத்துக்கொண்டு வெளியே போனாள். நான் காபியைக் குடித்து முடித்து, டம்ளரைக் கழுவி வைத்துவிட்டுக் கிளம்பினேன்.